மாறுதல் ஆணையை எதிர்த்து வழக்கு: கேள்வி பதில்

கேள்வி: பதவிக்காலம் முடியும் முன்பே 'நிர்வாக நலன்' என்று மாற்றிவிட்டார்கள். உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டால் ஆணைக்குத் தடை கிடைக்குமா சார்?

பதில்: அதற்காக மட்டும் கிடைப்பது கடினம். மாறுதல் கொள்கையை மீறிய ஆணையானாலும் மேலதிகாரியிடம் முறையிடுங்கள் என்றுதான் ஷில்பி போஸ் வழக்கில் (1991) உச்ச நீதிமன்றம் சொன்னது. சட்ட விதியை மீறியிருக்க வேண்டும், அல்லது உள்நோக்கம் இருக்க வேண்டும். தண்டனையை மாறுதல் என்ற பெயரில் கொடுத்திருந்தாலும் வாதம் நிற்கும். சோமேஷ் திவாரி (2009) அப்படித்தான் வென்றார். பெயரில்லாத புகார் வந்தது, விசாரணையில் நிரூபணமாகவில்லை, அதை வைத்தே மாற்றினார்கள், ஆணை ரத்து. உங்கள் ஆணைக்கு முன்பு மெமோ, விளக்கம் கேட்ட கடிதம் ஏதாவது வந்ததா? தேதி வரிசையில் அடுக்குங்கள். வழக்கின் உயிர் அதில்தான் இருக்கிறது.

கேள்வி: கணவர் வேலை பார்க்கும் ஊரிலேயே இடம் கேட்பது என் உரிமைதானே?

பதில்: இல்லை அம்மா. கோரிக்கையைப் பரிசீலிக்கக் கேட்கலாம். கணவன் மனைவியை ஒரே ஊரில் வைக்கலாம் என்ற வழிகாட்டு நெறி சட்ட உரிமை தராது என்பது எஸ்.எல். அப்பாஸ் வழக்கு (1993).

கேள்வி: மத்திய அரசு ஊழியர் நான். நேராக உயர் நீதிமன்றம் போகலாமா?

பதில்: முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். 1997இல் சந்திரகுமார் வழக்கிலேயே முடிந்துபோன விஷயம்.

கேள்வி: ஆணையை வாங்காமல் மெடிக்கல் லீவில் போய்விட்டால்?

பதில்: தயவுசெய்து வேண்டாம். குஜராத் மின்வாரியத்தின் போஷானி, மாறுதலான இடத்தில் சேராமல் இருந்தே வேலையை இழந்தார். 1989இல் உச்ச நீதிமன்றமும் அதை உறுதி செய்தது.

கேள்வி: எம்.எல்.ஏ. சிபாரிசுக் கடிதம் கைவசம் இருக்கிறது. இதைவிடச் சான்று வேண்டுமா?

பதில்: வேண்டும். சிபாரிசு வந்ததாலேயே மாறுதல் செல்லாது என்று ஆகாது. மசூத் அகமது வழக்கு (2007).

கேள்வி: தோழர், இது அநியாயம். அரசியல்வாதி சொல்லி மாற்றுவதே உள்நோக்கம்தானே?

பதில்: கோபம் புரிகிறது, எனக்கும் உண்டு. ஆனால் மக்கள் புகாரை எம்.எல்.ஏ. அதிகாரிக்கு அனுப்புவது அவர் வேலை என்று நீதிமன்றம் பார்க்கிறது. அதிகாரி தன் மனதைச் செலுத்தாமல் அப்படியே கையெழுத்திட்டார் என்று கோப்பைக் கொண்டு காட்ட முடிந்தால் மட்டும் வாருங்கள். உள்நோக்கத்தை நிரூபிக்கும் சுமை மிகக் கனமானது. தமிழ்நாட்டின் தலைமைச் செயலாளராக இருந்த ராயப்பாவாலேயே 1974இல் முடியவில்லை. யார், ஏன், எந்தச் சம்பவத்துக்காக என்று மனுவில் எழுதுங்கள். அந்த நபரைப் பெயர் சொல்லி எதிர்மனுதாரராகச் சேர்த்துவிடுங்கள். இதைச் செய்யாமல் 'பழிவாங்கல்' என்று எழுதிய மனுக்கள்தான் முதல் நாளே தள்ளுபடியாகின்றன.

கேள்வி: மெடிக்கல் லீவு போட்டுவிட்டு வழக்குப் போடலாமா?

பதில்: மெடிக்கல் லீவு பற்றி மேலே சொல்லிவிட்டேன், படியுங்கள்.

கேள்வி: தனியார் கம்பெனியில் மாறுதல்...

பதில்: தொழிலாளர் சட்ட வழக்கறிஞரைப் பாருங்கள்.

கேள்வி: நேற்றே பணியிலிருந்து விடுவித்துவிட்டார்கள். இனி?

பதில்: விடுவித்த பிறகு தடை கிடைப்பது அரிது. எழுத்தில் எதிர்ப்பைப் பதிந்துவிட்டுப் போய்ச் சேருங்கள். அப்புறம் மனு போடுங்கள். சேர்ந்த தேதியை அதில் மறைக்காதீர்கள்.