ஸ்டார்ட்டர் மட்டும் போதுமா, செட்டையே மாற்ற வேண்டுமா?

கேள்வி: எங்கள் சமையலறையில் உள்ள நான்கு அடி டியூப் லைட்டுக்குப் பத்து வயதுக்கு மேல் ஆகிறது. ஒரு வாரமாக, சுவிட்சைப் போட்டால் இரண்டு முனைகளும் ஆரஞ்சு நிறத்தில் கனன்றபடியே நிற்கின்றன, நடுப்பகுதி எரிவதில்லை. பார்க்க வந்த எலக்ட்ரீஷியன், “சோக், டியூப் எல்லாம் போய்விட்டன, செட்டையே மாற்றிவிடலாம்” என்கிறார். பக்கத்து வீட்டு அண்ணனோ ஸ்டார்ட்டர்தான் கோளாறு என்கிறார். யார் சொல்வதைக் கேட்பது?
- ஒரு வாசகி, கும்பகோணம்

பதில்: பக்கத்து வீட்டு அண்ணன் சொல்வதே சரியாக இருக்க வாய்ப்பு அதிகம். இரண்டு முனைகளும் கனல்கின்றன என்றால், மின்சாரம் சோக்கின் வழியாக வந்து, டியூபின் இரு முனைகளிலும் உள்ள இழைகளைக் கடந்து, ஸ்டார்ட்டர் வழியாகச் சுற்றை முடித்துக்கொள்கிறது என்று பொருள். ஆகவே சோக்கின் சுருளும் அறுபடவில்லை, டியூபின் இழைகளும் அறுபடவில்லை. விட வேண்டிய நேரத்தில் விடாமல் பிடித்துக்கொண்டிருப்பது ஸ்டார்ட்டர்தான்.

அது என்ன செய்கிறது என்று தெரிந்துகொண்டால் குழப்பம் நீங்கிவிடும். பழைய ஸ்டார்ட்டர் ஒன்றின் வெளிக்கூட்டைக் கழற்றிப் பார்த்தால், உள்ளே சுண்டுவிரல் நுனி அளவில் ஒரு சிறு கண்ணாடிக் குமிழும், அதன் பக்கத்தில் ஒரு பொடிக் கப்பாசிட்டரும் இருக்கும். குமிழுக்குள் நியான் போன்ற ஒரு வாயுவும், வெப்பம் பட்டால் வளைகிற ஈருலோகத் தகடும் உள்ளன. சுவிட்சைப் போட்டதும் வாயு ஒளிர்ந்து தகட்டைச் சூடாக்குகிறது. தகடு வளைந்து எதிர் முனையைத் தொடுகிறது. உடனே மின்சாரம் டியூபின் இழைகளில் பாய்ந்து அவற்றைச் சூடேற்றுகிறது. தகடு தொட்டதும் வாயுவின் ஒளி அணைந்துவிடுவதால் தகடு ஆறி விலகுகிறது. அந்த விலகலில்தான் சோக்கிலிருந்து பல நூறு வோல்ட் அளவுக்கு ஓர் உதை எழுந்து டியூபை எரிய வைக்கிறது. டியூப் எரியத் தொடங்கியபின் ஸ்டார்ட்டருக்குக் கிடைக்கும் வோல்டேஜ் குறைந்துவிடுவதால் அது மறுபடி வேலை செய்வதில்லை. புரிந்துகொள்ளச் சற்றுத் தாமதிப்பவர்களை நாம் “டியூப் லைட்” என்று கேலி செய்வதற்குக் காரணமே இந்தத் தகடு சூடாகி ஆறுவதற்கு எடுத்துக்கொள்ளும் ஓரிரு விநாடிகள்தான்.

உங்கள் ஸ்டார்ட்டரில் ஒன்று தகடு எதிர்முனையோடு ஒட்டிக்கொண்டிருக்க வேண்டும், அல்லது வானொலியில் கரகரப்பு எழாமல் தடுப்பதற்காக வைக்கப்பட்டுள்ள அந்தக் கப்பாசிட்டர் உள்ளுக்குள் ஷார்ட் ஆகியிருக்க வேண்டும். இரண்டிலும் விளைவு ஒன்றே: சுற்று திறப்பதில்லை, உதை எழுவதில்லை, டியூப் எரிவதில்லை. இந்த நிலையில் சுவிட்சைப் போட்டே வைத்திருக்காதீர்கள். இழைகள் வீணாகத் தேய்வதோடு சோக்கும் சூடேறும். ஒரு வாரம் அப்படியே விட்டால் இல்லாத கோளாறும் வந்து, எலக்ட்ரீஷியன் சொன்னது உண்மையாகிவிடும்.

புதிதாக எதையும் வாங்குவதற்கு முன், வீட்டின் வேறு அறையில் நன்றாக எரியும் அதே நீள டியூப் லைட்டின் ஸ்டார்ட்டரைக் கழற்றி இங்கே போட்டுப் பாருங்கள். இது எரிந்துவிட்டால் விசாரணை முடிந்தது. சந்தேகம் தீராவிட்டால், பழுதான ஸ்டார்ட்டரை அந்த அறையில் பொருத்துங்கள், அங்கேயும் முனைகள் மட்டும் கனன்றால் வேறு சாட்சி தேவையில்லை. எலக்ட்ரீஷியன்கள் சிலர் விளக்கு போட்டபடியே ஸ்டார்ட்டரை உருவி, டியூப் எரிகிறதா என்று பார்ப்பார்கள். சோதனை சரியானதுதான் என்றாலும் வீட்டில் இருப்பவர்கள் அதைச் செய்ய வேண்டாம். பழைய ஸ்டார்ட்டர்கள் சிலவற்றின் கூடு அலுமினியத்தால் ஆனது.

மாற்றும்போது அறைச் சுவிட்சை அணைத்தால் மட்டும் போதாது, மெயின் சுவிட்சையே அணைத்துவிடுங்கள். பல பழைய வீடுகளில் வயரிங் மாறிப்போய், ஃபேஸுக்குப் பதிலாக நியூட்ரலில் சுவிட்ச் இருக்கும். அப்போது விளக்கு அணைந்திருந்தாலும் ஹோல்டரில் மின்சாரம் இருந்துகொண்டே இருக்கும். ஈரமில்லாத மர ஸ்டூலில் ஏறி நின்று, ஸ்டார்ட்டரை இலேசாக உள்ளே அழுத்தி, இடப்பக்கமாகக் கால் வட்டம் திருப்பினால் கையோடு வந்துவிடும். சமையலறை என்பதால் எண்ணெய்ப் பிசுக்கு ஏறி இறுகியிருக்கலாம். அவசரப்பட்டு முறுக்கினால் ஹோல்டர் உடைந்து செலவு கூடும், ஆகவே முதலில் உலர்ந்த துணியால் துடைத்துவிட்டுத் திருப்புங்கள். புதியதைப் பொருத்தும்போது இரண்டு முனைகளும் துளைக்குள் இறங்கிய பின் வலப்பக்கமாகத் திருப்பினால், பிடித்துக்கொண்டது கைக்கே தெரியும்.


கேள்வி: இரண்டு மாதத்தில் மூன்று ஸ்டார்ட்டர் மாற்றிவிட்டேன். ஒவ்வொன்றும் சில நாள் எரிகிறது, பிறகு மீண்டும் கண் சிமிட்டல்தான். மூன்றுமே போலியாக இருக்குமோ?
- ஒரு வாசகர், விருதுநகர்

பதில்: மூன்றையும் குற்றம் சொல்வதற்கு முன் டியூபின் இரண்டு முனைகளையும் பாருங்கள். விரற்கடை அளவுக்கு மேல் கருத்திருந்தால், இழையின் மேல் பூசப்பட்ட பூச்சு ஆவியாகிக் கண்ணாடியில் படிந்துவிட்டது என்று அர்த்தம். அப்படிப்பட்ட டியூப் எரிவதற்கு முயன்று முயன்று தோற்கும். ஒவ்வொரு முயற்சிக்கும் ஸ்டார்ட்டர் ஒருமுறை சேர்ந்து பிரிய வேண்டும். நாள் முழுவதும் கண் சிமிட்டினால் எந்த நல்ல ஸ்டார்ட்டரும் தாங்காது. அதாவது, உங்கள் வீட்டில் ஸ்டார்ட்டர் கெட்டதால் டியூப் சிமிட்டவில்லை. டியூப் சிமிட்டியதால் ஸ்டார்ட்டர்கள் கெட்டிருக்கின்றன. டியூபையும் ஸ்டார்ட்டரையும் ஒரே நாளில் மாற்றுங்கள்.

முனைகள் கருக்கவில்லை, சிமிட்டல் மாலை நேரத்தில் மட்டும்தான் வருகிறது என்றால் வோல்டேஜைச் சந்தேகிக்கலாம். 230 வோல்ட் வர வேண்டிய இடத்தில் அது மிகவும் இறங்கிவிட்டால், பழைய வகைச் சோக் செட்டுகள் எரியத் திணறும். இரவு பத்து மணிக்கு மேல் தானாகவே சரியாக எரிகிறதா என்று பார்த்தால் தெரிந்துவிடும். அங்கே ஸ்டார்ட்டரை மாற்றுவதில் பயனில்லை. மின்வாரிய அலுவலகத்தில் குறை சொல்ல வேண்டும்.


கேள்வி: கடையில் ஸ்டார்ட்டர் கேட்டால் “எத்தனை வாட்ஸ்” என்கிறார்கள். எதைப் பார்த்து வாங்குவது?

பதில்: வீடுகளில் இருக்கும் நான்கு அடி டியூப் 36 அல்லது 40 வாட்ஸ் இருக்கும். அதற்கு எஸ்10 என்று குறிக்கப்பட்ட, 4 முதல் 65 வாட்ஸ் வரை தாங்கும் ஸ்டார்ட்டர் வேண்டும். எஸ்2 என்பது 22 வாட்ஸ் வரையிலான சிறிய டியூப்களுக்கு உரியது; இரண்டும் பார்வைக்கு ஒன்றுபோலவே இருந்து, ஒரே ஹோல்டரில் பொருந்தியும் விடும் என்பதால், கடைக்காரர் டப்பாவிலிருந்து கைக்குக் கிடைத்ததை எடுத்துக் கொடுக்கும்போது கூட்டின் மேல் அச்சிட்டிருப்பதைப் படித்துவிட்டு வாங்குங்கள். ஸ்டார்ட்டருக்கான இந்தியத் தர நிர்ணயத்தின் எண் ஐ.எஸ். 2215, ஐ.எஸ்.ஐ. முத்திரை உள்ளதையே கேளுங்கள். தேநீர்க் காசில் வாங்கிவிடக்கூடிய பொருளில் ஓரிரு ரூபாய் மிச்சம் பிடிக்க, பெயரே இல்லாத உருப்படியை வாங்குவதில் அர்த்தமில்லை. பெரும்பாலான கடைகளில் மேசையோரம் ஒரு டியூப் மாட்டி வைத்திருப்பார்கள். அதில் போட்டு எரித்துக் காட்டச் சொல்வதற்குக் கூச்சப்பட வேண்டாம்.


கேள்வி: எல்.இ.டி. டியூப் வாங்கியபோது பெட்டிக்குள் ஒரு ஸ்டார்ட்டரும் இருந்தது. அதை மற்ற அறையில் உள்ள சாதாரண டியூப் லைட்டுக்குப் போடலாமா?

பதில்: கூடாது. உருவம் ஸ்டார்ட்டர் போல இருந்தாலும் அதற்குள் குமிழும் தகடும் இல்லை. இரு முனைகளையும் இணைக்கும் ஒரு ஃபியூஸ்தான் இருக்கிறது. பழைய சோக் செட்டிலேயே எல்.இ.டி. டியூபை மாட்டுகிறவர்களுக்காகக் கொடுக்கப்படுவது அது. அதைச் சாதாரண டியூப் லைட்டில் போட்டால், முதல் கேள்வியில் வாசகி சொன்ன அதே காட்சியைத்தான் காண்பீர்கள். மறுதலையாக, எல்.இ.டி. டியூபுடன் பழைய ஸ்டார்ட்டரையும் விட்டுவைக்கக் கூடாது. அந்தச் சிறு உருப்படியைத் தூக்கிப் போடாமல், எல்.இ.டி. என்று பேனாவால் எழுதித் தனியாக எடுத்து வையுங்கள்.


கேள்வி: ஒரு கடையில் டியூப், சோக், ஸ்டார்ட்டர் எல்லாம் புதிதாக வாங்கினேன். மறுநாளே சோக்கிலிருந்து கருகல் வாடை வந்தது. திருப்பிக் கொடுக்கப் போனால், “விற்ற பொருள் திரும்பப் பெறப்பட மாட்டாது என்று போர்டே வைத்திருக்கிறோமே” என்கிறார்கள். பில்லும் தரவில்லை.
- ஒரு வாசகர், வேலூர்

பதில்: போர்டு வைப்பதால் மட்டும் பொறுப்பு போய்விடாது. 2019ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம், விற்ற பொருளுக்குப் பில் தராமல் இருப்பதையும், பழுதான பொருளைப் பில்லில் குறித்த காலத்துக்குள், அப்படிக் காலம் எதுவும் குறிக்கப்படவில்லை என்றால் 30 நாட்களுக்குள், திரும்பப் பெற மறுப்பதையும் முறையற்ற வணிக நடவடிக்கை என்றே வரையறுக்கிறது. கவனியுங்கள், பழுதான பொருள் என்றுதான் சட்டம் சொல்கிறது. நிறம் பிடிக்கவில்லை, மனம் மாறிவிட்டது என்பவற்றுக்கு இது பொருந்தாது.

முதலில் சோக்கையும் அதன் அட்டைப்பெட்டியையும் எடுத்துக்கொண்டு மீண்டும் ஒருமுறை நேரில் போய், சட்டம் இப்படிச் சொல்கிறது என்று அமைதியாகச் சொல்லிப் பாருங்கள். பணம் அட்டையிலோ யு.பி.ஐ. வழியாகவோ செலுத்தியிருந்தால் அந்தப் பதிவே வாங்கியதற்குச் சான்றாகும். அதற்கும் மசியவில்லை என்றால் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் புகாரைப் பதிவு செய்யலாம். மாவட்ட நுகர்வோர் ஆணையம் வரைக்கும் போகும் உரிமை உங்களுக்கு உண்டு. ஆனால் ஒரு சோக்குக்காக வாய்தா வாய்தாவாக அலைவதற்கு ஆகும் பேருந்துக் கட்டணத்தில் இன்னொரு செட் வாங்கிவிடலாம் என்பதையும் சொல்லியாக வேண்டும்.


கேள்வி: இதெல்லாம் எதற்கு, பழைய டியூப் லைட்டைக் கழற்றி எறிந்துவிட்டு எல்.இ.டி. போட்டுவிட்டால் என்ன?

பதில்: ஸ்டார்ட்டர் மட்டும் கெட்டிருந்தால் ஸ்டார்ட்டரை மாற்றுங்கள், டியூபோ சோக்கோ போய்விட்டால் அப்போது எல்.இ.டி.க்கு மாறுங்கள் என்பதே என் கருத்து. பழைய 40 வாட்ஸ் டியூப், செப்புக்கம்பிச் சோக்கில் வீணாவதையும் சேர்த்தால் ஏறத்தாழ 52 வாட்ஸ் இழுக்கும். அதே இடத்தில் 20 வாட்ஸ் எல்.இ.டி. போதும். நாளுக்கு ஆறு மணி நேரம் எரிந்தால், 32 வாட்ஸ் வித்தியாசத்தில் ஆண்டுக்குச் சுமார் 70 யூனிட் மிச்சம். தமிழ்நாட்டில் இரண்டு மாதக் கணக்கில் அது பதினோரு யூனிட்டுக்குச் சற்று மேல் வரும். முதல் 100 யூனிட்டுக்குள்ளேயே முடித்துக்கொள்ளும் சிறு குடும்பத்துக்கு இதனால் ஒரு ரூபாய்கூடக் குறையாது. 500 யூனிட்டின் விளிம்பில் நிற்கும் வீட்டுக்கோ, அதைத் தாண்டினால் கட்டண விகிதமே மாறிவிடும் என்பதால், அந்தப் பதினோரு யூனிட் பெரிய தொகையாகத் தெரியும்.

இன்னொரு காரணமும் இருக்கிறது. பாதரசம் பற்றிய மினமாட்டா உடன்படிக்கையின் உறுப்பு நாடுகள் 2023இல் ஜெனீவாவில் கூடி, டியூப் லைட்டுகளின் உற்பத்தியையும் ஏற்றுமதி இறக்குமதியையும் 2027ஆம் ஆண்டுக்குள் நிறுத்துவதென முடிவெடுத்தன. ஆகவே இருக்கும் செட்டைப் பராமரிப்பது சரி, புதிதாகச் சோக் வைத்த செட் வாங்குவது சரியன்று.

கழற்றிய டியூபை எறிவது என்று நீங்கள் எழுதியிருப்பது மட்டும் வேண்டாம். ஒவ்வொரு டியூபுக்குள்ளும் சில மில்லிகிராம் பாதரசம் இருக்கிறது. 2022ஆம் ஆண்டின் மின்னணுக் கழிவு விதிகளின் பட்டியலிலும் இந்த விளக்குகள் இடம்பெற்றிருக்கின்றன. புதிய டியூப் வந்த அட்டை உறைக்குள்ளேயே பழையதைச் செருகி, உடையாமல் வைத்திருந்து, மின்னணுக் கழிவு சேகரிப்பவர்களிடம் கொடுங்கள். கை தவறி உடைந்துவிட்டால் ஜன்னல்களைத் திறந்துவிட்டு, குழந்தைகளோடு கால் மணி நேரம் வெளியே இருங்கள். பிறகு விளக்குமாற்றால் பெருக்காமல், கெட்டி அட்டையால் துண்டுகளை வழித்தெடுத்து, எஞ்சிய பொடியை ஈரக் காகிதத்தால் ஒற்றி எடுத்து, எல்லாவற்றையும் மூடியுள்ள ஒரு பாட்டிலில் போட்டு மூடிவிடுங்கள்.