ரோமுலஸ் இருக்க ஈனியாஸ் எதற்கு?

கேள்வி: ரோம் நகரை நிறுவியவர் ரோமுலஸ் என்று படித்திருக்கிறோம். அப்படியிருக்க, டிராய் வீரர் ஈனியாசையும் ரோமானியர் தங்கள் மூதாதையாகக் கொண்டாடியது ஏன்?

பதில்: ஒருவர் நகரை நிறுவியவர், மற்றவர் அவருடைய குலத்துக்கே மூத்தவர் என்று ரோமானியர் இரு கதைகளையும் ஒரே வம்சாவளியில் கோத்துக்கொண்டனர். கிரேக்கரிடம் வீழ்ந்து எரியும் டிராய் நகரிலிருந்து முதிய தந்தை அங்கைசீஸைத் தோளில் சுமந்து, மகன் அஸ்கானியஸைக் கையில் பிடித்து வெளியேறிய ஈனியாஸ், பல ஆண்டுகள் கடலில் அலைந்து இத்தாலியின் லாத்தியம் பகுதியை அடைந்தார். அங்கே மன்னர் மகள் லவீனியாவை மணந்து, அவள் பெயரால் லவீனியம் என்ற ஊரை அமைத்தார் என்பது மரபு. கிரேக்க அறிஞர் எரட்டோஸ்தனிஸின் கணக்குப்படி டிராய் வீழ்ந்தது கி.மு. 1184, ரோம் பிறந்ததாகச் சொல்லப்படும் ஆண்டோ கி.மு. 753. நானூறு ஆண்டுகளுக்கும் மேற்பட்ட இந்த இடைவெளியை அஸ்கானியஸ் நிறுவிய ஆல்பா லாங்கா நகரத்தின் அரசர் வரிசையைக் கொண்டு நிரப்பினார்கள்.

ரோமுலஸின் கதையில் அவர் கொன்ற உடன்பிறந்த ரீமஸின் இரத்தம் படிந்திருக்கிறது. ஈனியாஸின் கதையிலோ தந்தைக்கும் தெய்வங்களுக்கும் செய்யும் கடமை முன்னிற்கிறது. அதைவிட முக்கியமாக, டிராய்ப் போரைப் பாடும் ஹோமரின் இலியட் காவியத்தில் வரும் வீரர் ஒருவரை முன்னோராகப் பெற்றதால், கிரேக்கர் மதித்த பழைய உலகில் ரோமுக்கும் ஓர் இடம் கிடைத்தது. அரசியலிலும் இது பயன்பட்டது. ரோமுக்கும் வட ஆப்பிரிக்காவின் கார்த்தேஜ் நகரத்துக்கும் நடந்த முதல் பியூனிக் போரின்போது, கி.மு. 263இல், சிசிலியின் செகெஸ்டா நகரத்தார் தாங்களும் டிராய் வழியினரே என்று உறவு கூறி, கார்த்தேஜை விட்டு ரோமுடன் சேர்ந்தனர்.

ஆனால் இந்த மரபின் ஆழத்தை ரோமானியக் கவிஞர் வெர்ஜில் ஈனியாஸைப் பற்றிப் பாடிய ஈனியட் காவியத்தில்தான் காண்கிறோம். அதன் கடைசிக் காண்டத்தில், டிராய் மக்கள்மீது தீராப் பகை கொண்ட ஜூனோ தேவி சினம் தணிவதற்கு ஒரு வரம் கேட்கிறாள்: லாத்தியத்தின் மக்களான லத்தீனியர் தங்கள் பெயரையும் மொழியையும் உடையையும் இழக்கக் கூடாது. தேவர்களின் அரசரான ஜூபிடர் இசைகிறார். ஆக, வென்று வந்தவர்கள்தாம் மண்ணின் மக்களோடு கலந்து தங்கள் பெயரை இழக்கிறார்கள். ஓர் ஏகாதிபத்தியம் தன் பிறப்பை ஏதிலிகளிடமிருந்தும் கலப்பிலிருந்தும் தொடங்கிச் சொல்லிக்கொண்டதை நான் பெரிதும் மதிக்கிறேன்.

கேள்வி: ஜூலியஸ் சீசர் ஈனியாஸின் வழித்தோன்றல் என்பதை ரோமானியர் நம்பினார்களா?

பதில்: சீசர் பிறந்த யூலியர் குலத்தினர் அஸ்கானியஸின் மற்றொரு பெயரான யூலஸிலிருந்து தங்கள் குலப்பெயர் வந்தது என்றனர், ஈனியாஸின் தாய் வீனஸ் தேவி என்பதால் தெய்வ வம்சம் என்ற பெருமையும் சேர்ந்தது. சீசர், தந்தையைச் சுமக்கும் ஈனியாஸை நாணயத்தில் பொறித்தார்; கி.மு. 46இல் வீனஸுக்குக் கோயிலும் எடுத்தார். எனினும், அவருடைய வாரிசான அகஸ்டஸ் ஆண்ட காலத்திலேயே வரலாற்றாசிரியர் லிவி, அந்தக் குலத்தார் சொல்லும் அஸ்கானியஸ் லவீனியாவின் மகனா, டிராயில் பிறந்த மூத்த மகனா என்பதைப் பற்றி வாதிடப் போவதில்லை என்று கூறி, இவ்வளவு பழைய செய்தியை யார் உறுதியாகக் கூற முடியும் என்று வெளிப்படையாகவே எழுதினார்.