வழக்காடு மன்றத்துல ஷுஷ்னிக்: குற்றச்சாட்ட எந்த தேதில வைக்கணும்?

கேள்வி: கீழக்கரை பக்கத்துல ஒரு ஸ்கூல்ல பத்தாங்கிளாஸுக்கு சோசியல் எடுக்குறேன் சார். ஆண்டு விழாவுக்கு வழக்காடு மன்றம் போடுறோம், "ஒரு குண்டு கூட சுடாம நாட்ட ஹிட்லர்கிட்ட விட்ட ஆஸ்திரிய தலைவர் ஷுஷ்னிக் குற்றவாளியே"ன்னு தலைப்பு, மொத்தம் 40 நிமிஷம். வழக்கு தொடுக்குற பொண்ணு "கோழை"ன்னு ஒத்த வார்த்தைல முடிச்சிடுறா, எதிர்ப்பக்கம் பையன் "பாவம், அவரு என்ன பண்ணுவாரு"ன்னு நிக்கிறான். ரெண்டு ஒத்திகைலயே விஷயம் தீந்து போச்சு. யாரை சாட்சியா வைக்கலாம், தீர்ப்ப எப்படி கொண்டு போகலாம்?

பதில்:

டீச்சர், தலைப்பு அருமையான தலைப்பு, ஆனா குற்றச்சாட்டு தப்பான தேதில நிக்குது, அதனாலதான் ரெண்டு ஒத்திகைல வத்திப் போச்சு. நீங்க ஷுஷ்னிக் ஹிட்லருக்கு பணிஞ்ச 1938 மார்ச் 11 ராத்திரிய மட்டும் வச்சு கேஸ் போடுறீங்க. அன்னைக்கு ராத்திரி அந்த மனுஷன் கைல கிட்டத்தட்ட ஒண்ணுமே மிச்சமில்ல. கைல இருந்ததெல்லாம் எப்ப போச்சு, யாரு விட்டா, அதுதான் கேஸ். குற்றச்சாட்ட நாலு வருஷம் பின்னாடி தள்ளி வைங்க, புள்ளைகளுக்கு பேச நேரம் பத்தாது பாருங்க.

நான் மண்டபத்துக்காரன். எங்க அப்பா நாட்டுப்படகு வச்சிருந்தாரு, வடகடல்லயும் தென்கடல்லயும் மாறி மாறி தொழில் பாத்தவரு. சாயங்காலம் படக கட்டினதும் நங்கூரக் கயித்த கட்டைவிரல் வச்சு முழுசா ஒரு தடவ தடவிப் பாப்பாரு, எங்க இழை விட்டிருக்குன்னு. காத்தடிச்ச ராத்திரில கயிறு அறுந்துச்சுன்னா ஊரே காத்தத்தான் திட்டும், அவரு மட்டும் கயித்த இழுத்து பாறைல உரசின இடத்த தேடுவாரு. உங்க பொண்ணுகிட்ட இத சொல்லுங்க, கடக்கரை புள்ளைக்கு உடனே புரியும். வழக்கு தொடுக்குறவ அந்த உரசின இடத்ததான் தேடணும்.

அந்த இடம் 1933, 1934ல இருக்கு. ஷுஷ்னிக்குக்கு முன்னாடி சான்சலரா, அதாவது அரசாங்கத் தலைவரா, இருந்தவரு டால்ஃபுஸ். அவரு 1933 மார்ச்ல பார்லிமென்ட்ட முடக்கினாரு, கட்சிகள ஒண்ணொண்ணா தடை பண்ணாரு, 1934 பிப்ரவரில சோசலிஸ்ட் தொழிலாளிங்க எதிர்த்து நின்னப்ப ராணுவத்த விட்டு அடிச்சாரு. வியன்னால கார்ல் மார்க்ஸ் ஹோஃப்னு தொழிலாளிங்க குடியிருந்த பெரிய குடியிருப்பு, அதுமேல பீரங்கியால சுட்டாங்க, உள்ள குடும்பங்க இருக்கு. அதே வருஷம் ஜூலை 25ல ஆஸ்திரிய நாஜிங்க டால்ஃபுஸ அவரு ஆபீஸ்லயே சுட்டுக் கொன்னாங்க. அப்ப நீதி அமைச்சரும் கல்வி அமைச்சருமா இருந்த ஷுஷ்னிக் நாலு நாள்ல சான்சலர் ஆனாரு. வயசு 36. அவரு பழைய கதவ எதையும் திறக்கல. தேர்தல் இல்ல, தொழிலாளர் கட்சி தடைலயே கிடந்துச்சு, ஒரே ஒரு அமைப்பு, தந்தை நாட்டு முன்னணின்னு, அது மட்டும்தான் அரசியல். ஹிட்லர எதிர்த்து நின்னவர்ங்கறதால அவர ஜனநாயகவாதின்னு புள்ளைங்க நினைச்சிடக் கூடாது, இத முதல்லயே சபைல சொல்லிடணும்.

அப்ப ஆஸ்திரியாவ ஹிட்லர்கிட்ட இருந்து யாரு காப்பாத்துனா? இத்தாலி சர்வாதிகாரி முசோலினி. டால்ஃபுஸ் செத்த ராத்திரி இத்தாலி படைய பிரென்னர் கணவாய் எல்லைக்கு அனுப்புனது அவருதான், ஹிட்லர் அன்னைக்கு பின்வாங்கினாரு. ஆனா 1935ல முசோலினி அபிசீனியா, அதாவது எத்தியோப்பியா, மேல படையெடுத்தாரு, மத்த நாடுங்க ஒதுக்குச்சு, ஜெர்மனி பக்கம் சாஞ்சுட்டாரு. இன்னொரு சர்வாதிகாரிய நம்பி கட்டின கயிறு டீச்சர், அது இன்னொருத்தன் படகுல கட்டின மாதிரிதான், அவன் கிளம்பினா நாமளும் போகணும். 1936 ஜூலை 11ல ஷுஷ்னிக் ஹிட்லரோட ஒப்பந்தம் போட்டாரு. ஜெர்மனி ஆஸ்திரியாவோட சுதந்திரத்த ஒத்துக்கிச்சு, பதிலுக்கு ஆஸ்திரியா தன்னை ஒரு "ஜெர்மானிய நாடு"ன்னு ஏத்துக்கிட்டு சிறைல இருந்த நாஜிகள வெளிய விட்டுச்சு. காகிதத்துல சமாதானம்தான், வீட்டுக்குள்ள ஆள விட்டாச்சு.

இப்ப உங்க மேடைக்கு வருவோம். நாப்பது நிமிஷத்துல ஒரே ஒரு காட்சிய மட்டும் நடிச்சுக் காட்டுங்க, மத்ததெல்லாம் வாக்குமூலமா போகட்டும். அந்த காட்சி 1938 பிப்ரவரி 12, பெர்க்டெஸ்காடன் மலைமேல ஹிட்லர் வீடு. ஷுஷ்னிக் ஓயாம சிகரெட் பிடிக்கிறவரு, ஹிட்லர் முன்னாடி யாரும் புகைக்க முடியாது, காலைல பல மணி நேரம் வசவ கேட்டுக்கிட்டு சிகரெட் இல்லாம உக்காந்திருந்தாரு. மூணு ஜெனரல்கள கண்ணுல படுற மாதிரி நிறுத்தி வச்சிருந்தாங்க. ஒரு கட்டத்துல, கையெழுத்து போட்டாலும் இத நிறைவேத்துறது எங்க ஜனாதிபதி கைலதான் இருக்குன்னு ஷுஷ்னிக் சொன்னப்ப, ஹிட்லர் கதவ திறந்து "கைட்டல்!"னு கத்தி ஜெனரல கூப்பிட்டு இவர வெளிய போகச் சொன்னாரு. உள்ள போன கைட்டல் என்ன உத்தரவுன்னு கேட்டதுக்கு, உத்தரவு ஒண்ணுமில்ல, சும்மா உக்காருன்னு பதில். வெளிய நின்னவருக்கு அது தெரியாது, படைய கிளப்புறாங்கன்னுதான் நினைக்க முடியும். இத மேடைல பண்றது சுலபம், ஒரு மேசை, ஒரு கதவுச் சட்டம் போதும். ஹிட்லரா நடிக்கிற பையன் முதுக காட்டியே நிக்கட்டும், கைய நீட்டி சல்யூட் எல்லாம் வேண்டவே வேண்டாம், புள்ளைங்க அதத்தான் பிடிச்சுக்கிட்டு வராண்டால செய்யும். வெளிச்சம் பூரா ஷுஷ்னிக் முகத்துலயும் பைல இருக்க சிகரெட் பெட்டி மேல போயிட்டு வர்ற அவரு கையிலயும் இருக்கணும்.

அன்னைக்கு அவரு கையெழுத்து போட்டது என்னன்னா, சைஸ் இன்குவார்ட்ங்கற நாஜி ஆதரவாளர உள்துறை அமைச்சர் ஆக்கணும், அதாவது போலீஸ் அவரு கைக்கு போகும், சிறைல இருந்த நாஜிங்க விடுதலை. ஜெர்மனிக்கு எதிரா தற்காப்புத் திட்டம் போட்டு வச்சிருந்த ராணுவத் தலைமை அதிகாரி யான்சாவும் அந்த நாட்கள்ல பதவில இருந்து போனாரு. வழக்கு தொடுக்குற பொண்ணு இங்க நல்லா அழுத்தலாம். ஊருக்கு திரும்பினவரு மலைமேல நடந்தத சனங்ககிட்ட அப்பவே முழுசா சொல்லல. பன்னெண்டு நாள் கழிச்சு, பிப்ரவரி 24ல தான், நாடாளுமன்றக் கட்டடத்துல நின்னு கொடியோட நிறத்த சொல்லி "சாகுற வரைக்கும் சிவப்பு வெள்ளை சிவப்பு"ன்னு முழங்கினாரு.

சாட்சிக்கு வருவோம். முதல் சாட்சியா கார்ல் மார்க்ஸ் ஹோஃப்ல குடியிருந்த ஒரு தொழிலாளிய கூப்பிடுங்க, பேரு வைக்க வேண்டாம், "ஒரு தொழிலாளி"ன்னே இருக்கட்டும். இந்த ஒரு சாட்சில மொத்த வழக்கும் இருக்கு. மார்ச் மொத வாரத்துல தொழிற்சாலைப் பிரதிநிதிங்க ஷுஷ்னிக்க போய் பாத்தாங்க, எங்க உரிமைய திருப்பிக் குடுங்க, நாடு நிக்க நாங்களும் நிப்போம்னாங்க. நாலு வருஷம் முன்னாடி இதே அரசாங்கம் அவங்க வீட்டு மேல பீரங்கி வச்சிருக்கு, அதுக்கப்புறமும் வந்திருக்காங்க. அந்த சாட்சிகிட்ட வக்கீல் ஒரே கேள்வி கேட்கணும்: "உங்கள எப்பய்யா கூப்பிட்டாங்க?" எனக்கு இத எழுதும்போதே மனசு கனக்குது. 1936ல கூப்பிட்டிருக்கலாம், 37ல கூப்பிட்டிருக்கலாம். கழுத்துக்கு தண்ணி வந்தப்பதான் பேச்சு, அந்த பேச்சும் முடியுறதுக்குள்ள நாடு போச்சு.

அடுத்த சாட்சி ஒரு டெலிபோன். நிஜமாத்தான் சொல்றேன். மார்ச் 9ல இன்ஸ்புருக் நகரத்துல ஷுஷ்னிக், வர்ற ஞாயித்துக்கிழமை 13ம் தேதி பொது வாக்கெடுப்பு, சுதந்திர ஆஸ்திரியா வேணுமா சொல்லுங்கன்னு அறிவிச்சாரு. நாலு நாள் அவகாசம். ஹிட்லர் ஆத்திரப்பட்டு படைய தயார் பண்ணச் சொல்லிட்டாரு. 11ம் தேதி விடியக்காலைலயே ஜெர்மனி எல்லைய மூடிட்டாங்கன்னு போன் போட்டு ஷுஷ்னிக்க எழுப்புனாங்க. அப்புறம் நாள் பூரா பெர்லின்ல இருந்து ஹிட்லரோட வலது கை கோரிங் போன்: வாக்கெடுப்ப நிறுத்து, நிறுத்தினதும் ராஜினாமா பண்ணு, பண்ணினதும் சைஸ் இன்குவார்ட்ட சான்சலர் ஆக்கு. ஒண்ணுக்கு ஒத்துக்கிட்டா அடுத்தது வந்துச்சு. அந்த போன் பேச்சையெல்லாம் ஜெர்மன்காரங்களே எழுதி வச்சிருந்தாங்க, போருக்கப்புறம் நாஜி தலைவர்கள விசாரிச்ச நியூரம்பெர்க் விசாரணைல அதுவே ஆதாரமா வந்துச்சு. மேடைல மணி அடிக்கிற சத்தம் மட்டும் போதும், ஒவ்வொரு மணிக்கும் ஒரு புள்ள ஒரு நிபந்தனைய வாசிக்கட்டும். ஜனாதிபதி மிக்லாஸ் நடுராத்திரி நெருங்குற வரைக்கும் சைஸ் இன்குவார்ட்ட நியமிக்க மாட்டேன்னு நின்னாரு, அவரையும் ஒரு நிமிஷம் கூப்பிடுங்க.

எதிர்ப்பக்கம் பையன் "பாவம்"னு சொல்றத நிறுத்திட்டு கணக்க எடுக்கணும். ஆஸ்திரியா 65 லட்சத்துக்கு கொஞ்சம் மேல மக்கள், ஜெர்மனி அதுல பத்து மடங்கு. முதல் உலகப்போருக்கப்புறம் போட்ட ஒப்பந்தம் ஆஸ்திரிய ராணுவத்த 30,000 பேருக்கு மேல வளர விடல, கட்டாய ராணுவ சேவையே 1936லதான் வந்துச்சு. வெளிநாட்டு உதவின்னு பாத்தா, பிரான்ஸ்ல சரியா அந்த வாரம் அரசாங்கமே கவிழ்ந்து கிடந்துச்சு, பிரிட்டன் எங்களால பாதுகாப்பு தர முடியாதுன்னு சொல்லிடுச்சு, முசோலினி கைய கழுவிட்டாரு. எல்லாம் முடிஞ்சப்புறம் உலக நாடுகள் சங்கத்துல முறைப்படி எதிர்ப்பு தெரிவிச்ச ஒரே நாடு மெக்ஸிகோ. இவ்வளவுக்கு நடுவுல அன்னைக்கு ராத்திரி எட்டு மணிக்கு கொஞ்சம் முன்னாடி ரேடியோல பேசினாரு, வன்முறைக்கு பணியுறோம், ரத்தம் சிந்த விருப்பமில்ல, கடவுள் ஆஸ்திரியாவ காக்கட்டும்னு.

அந்த பேச்சுல அவரு "ஜெர்மானிய ரத்தம்"னு சொன்னாரு, வழக்கு தொடுக்குறவ இத விடக்கூடாது. எதிரியோட வார்த்தையிலயே எதிரிய மறுக்க முடியுமா? அவரு வைக்க நினைச்ச வாக்கெடுப்பு வாசகத்துலயும் "சுதந்திரமான, ஜெர்மானிய" ஆஸ்திரியான்னுதான் இருந்துச்சு. இன்னொண்ணு, அப்போதைய ஆஸ்திரிய தேசிய கீதமும் ஜெர்மனியோட கீதமும் ஒரே மெட்டு, ஹேடன் போட்ட மெட்டு, வரிதான் வேற. நாங்க வேற ஆளுங்கன்னு நாலு வருஷத்துல ஒரு தடவ கூட தெளிவா சொல்லாத அரசாங்கம் அது.

உங்க ஊரு புள்ளைங்க கண்டிப்பா ராமநாதபுரம் ராஜா முத்துராமலிங்க சேதுபதிய இழுப்பாங்க, 1795ல கம்பெனி பதவிய பறிச்சு சிறைல போட்டு 1809ல சிறையிலயே உயிர விட்டாரேன்னு. இழுக்கட்டும், தடுக்காதீங்க. ஆனா ஷுஷ்னிக்கும் தப்பி ஓடல, பதவியும் வாங்கிக்கல, நாஜி ரகசிய போலீஸான கெஸ்டபோ பிடில வியன்னா ஓட்டல் அறைல அடைச்சு வச்சாங்க, அப்புறம் சாக்சன்ஹவுசன் முகாம், டாகாவ் முகாம்னு ஏழு வருஷம், 1945 மே மாசம்தான் விடுதலை. அப்புறம் அமெரிக்கா போய் காலேஜ்ல பாடம் எடுத்தாரு. "கோழை"ங்கற வார்த்தை இந்த இடத்துல நிக்காது, அந்த பொண்ணுகிட்ட மெதுவா சொல்லுங்க.

"சண்ட போட்டிருந்தா?"ன்னு யாராவது கேட்பாங்க. அதுக்கு பின்லாந்து உதாரணம். 1939 நவம்பர்ல சோவியத் அடிச்சப்ப மூணு மாசத்துக்கு மேல நின்னு சண்ட போட்டாங்க, நிலத்த இழந்தாங்க, நாட்ட இழக்கல. அங்கயும் 1918ல உள்நாட்டுப் போர் நடந்திருக்கு, தொழிலாளிங்க தோத்திருக்காங்க. ஆனா தோத்த பக்கத்து கட்சி தேர்தல்ல நின்னுச்சு, 1937ல ஆட்சிலயே பங்கு வாங்கிச்சு. ரெண்டு வருஷம் கழிச்சு எதிரி வந்தப்ப ரெண்டு பக்கமும் ஒரே பதுங்கு குழில நின்னாங்க. ஆஸ்திரியாவுல அந்த காயத்துக்கு மருந்து போட ஆளில்லாம போச்சு.

ஒரு சாட்சிய தயவு செஞ்சு விட்டுடாதீங்க, வியன்னா யூதர் ஒருத்தர். படை வந்து சேர்றதுக்கு முன்னாடியே உள்ளூர்க்காரனுங்க அவங்கள தெருவுல மண்டி போட வச்சு, சுவத்துலயும் ரோட்டுலயும் எழுதியிருந்த ஷுஷ்னிக் ஆதரவு வாசகத்த தேய்ச்சு கழுவ வச்சாங்க, அக்கம்பக்கத்தார் சுத்தி நின்னு சிரிச்சாங்க. பின்னாடி கிட்டத்தட்ட 65,000 ஆஸ்திரிய யூதர்கள் கொல்லப்பட்டாங்க. "ரத்தம் சிந்தாம காப்பாத்தினேன்"ங்கற வாதத்துக்கு முன்னாடி இந்த சாட்சி வந்து நிக்கணும். அதே மாதிரி மார்ச் 15ல வியன்னா சதுக்கத்துல ஹிட்லர வரவேற்க கூடின பெருங்கூட்டத்தையும் மறைக்க வேண்டாம்.

தீர்ப்புக்கு என் கருத்த கேட்டா, நடுவர ஒரே தீர்ப்பு சொல்ல விடாதீங்க, தேதி வாரியா சொல்லட்டும். 1938 மார்ச் 11க்கு விடுதலை. பிப்ரவரி 12க்கு, கையெழுத்துக்கு விடுதலை, வந்து சனங்ககிட்ட மறைச்சதுக்கு குற்றம். 1934ல இருந்து 1938 வரைக்கும் சொந்த மக்களோட வாய கட்டி வச்சதுக்கு முழுக் குற்றம். இது என் தீர்ப்பு, உங்க புள்ளைங்க வாதாடி வேற தீர்ப்புக்கு வந்தா அப்படியே விடுங்க.

கடைசியா ஒரு வேலை, சார்ட் பேப்பர்ல ரெண்டு ஓட்டுச் சீட்டு பெருசா வரையச் சொல்லுங்க. ஒண்ணு ஷுஷ்னிக் மார்ச் 13க்கு வச்சிருந்தது, அதுல "ஆம்" மட்டும்தான் அச்சடிச்சிருந்தாங்க, வேணாங்கறவன் தானே தாள் கொண்டு வரணும், 24 வயசு ஆகாதவனுக்கு ஓட்டும் இல்ல. இன்னொண்ணு ஏப்ரல் 10ல ஹிட்லர் நடத்தினது, "ஆம்"க்கு நடுவுல பெரிய வட்டம், "இல்லை"க்கு ஓரமா சின்ன வட்டம், முடிவு 99.7 சதவீதம் ஆம். ரெண்டையும் மேடையோட ரெண்டு பக்கமும் ஆரம்பத்துல இருந்தே மாட்டி வைங்க, எதுக்குன்னு யாரும் விளக்க வேண்டாம். தொழிலாளி சாட்சி சொல்லிட்டு இறங்கும்போது அந்த முதல் சீட்டுக்கு முன்னாடி ஒரு நிமிஷம் நின்னுட்டு போகட்டும்.