யூடியூபில் கிடைத்த பழைய செய்திப்படத்தை டிவியில் போடலாமா?

கேள்வி: 1964 தனுஷ்கோடிப் புயல் பற்றி ஒரு சேனலுக்காக அரைமணி நேர ஆவணப்படம் எடுக்கிறேன். யூடியூபில் பழைய செய்திப்படத் துண்டு ஒன்று கிடைத்தது. 60 வருடம் ஆகிவிட்டதே, அப்படியே சேர்க்கலாமா?

பதில்: பதிப்புரிமைக் கேள்வி ஒருபக்கம் இருக்கட்டும். முதலில் அது தனுஷ்கோடிதானா என்று பாருங்கள். சாய்ந்த தென்னையும் இடிந்த சுவரும் எல்லாப் புயலிலும் உண்டு. 1977 ஆந்திரப் புயலை 1964 என்று யாராவது தலைப்பிட்டு ஏற்றியிருந்தால் உங்களுக்கு எப்படித் தெரியும்? பாம்பன் பாலமோ மாதா கோயிலோ ஃபிரேமில் இருக்கிறதா என்று தேடுங்கள். அங்கே வாழ்ந்த பெரியவர் யாரிடமாவது போட்டுக் காட்டுங்கள். அப்புறம், டிசம்பர் 22 இரவு பாசஞ்சர் ரயில் அலையில் போனதை யாரும் படம் பிடித்திருக்க வாய்ப்பே இல்லை. அப்படி ஒரு காட்சி இருந்தால் அது சினிமா.

சரி, உரிமைக்கு வருவோம். நம் சட்டப்படி படம் வெளியான ஆண்டுக்கு அடுத்த ஜனவரி முதல் 60 ஆண்டு. அரசு எடுத்த செய்திப்படத்துக்கும் இதே கணக்குதான். இங்கேதான் சிக்கல்: புயல் அடித்தது வருடக் கடைசியில். படம் அந்த டிசம்பரிலேயே தியேட்டருக்கு வந்திருந்தால் 2024 முடிவோடு உரிமை தீர்ந்தது. ஜனவரியில் வந்திருந்தால் 2025 முடிவு வரை. ஆகவே எடுத்த தேதியை விட்டுவிட்டு வெளியான தேதியைத் தேடுங்கள். பின்னணி இசைக்குத் தனி உரிமை இருக்கலாம். இசையை நீக்கிவிடுவது நல்லது. சேனல் வெளிநாட்டிலும் தெரியும் என்றால் அந்தந்த நாட்டுச் சட்டமும் வரும்.

உரிமை தீர்ந்தாலும் நல்ல பிரதி ஓசியில் கிடைக்காது. யூடியூப் பிரதி டிவி திரையில் கட்டம் கட்டமாக உடையும். அரசுச் செய்திப்படங்களை எடுத்துவந்த, 1948இல் தொடங்கிய ஃபிலிம்ஸ் டிவிஷன் 2022இல் என்.எஃப்.டி.சி.யோடு (தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகம்) இணைக்கப்பட்டது, அங்கே கேளுங்கள். முதலில் தரம் குறைந்த முன்னோட்டப் பிரதி கிடைக்குமா என்று விசாரியுங்கள். அதை வைத்து எடிட் முடித்துவிட்டு, தேவையான விநாடிகளுக்கு மட்டும் மாஸ்டர், அதாவது உயர்தரப் பிரதி, வாங்கினால் செலவு குறையும்.

எடிட்டரிடம் இன்றே சொல்லிவிடுங்கள்: நாலுக்கு மூன்று அளவுப் படத்தை அகலத்திரைக்கு இழுக்கக் கூடாது, முகமெல்லாம் உப்பிவிடும். இரு ஓரமும் கறுப்பாகவே இருக்கட்டும். வேறு வழியின்றி இன்னொரு புயலின் காட்சியைப் போட்டால், எந்த ஊர், எந்த வருடம் என்பதைத் திரையிலேயே எழுதுங்கள். வெறுமனே 'கோப்புக் காட்சி' என்று போட்டால் பார்ப்பவர் அதைத் தனுஷ்கோடி என்றுதான் நினைப்பார்.