ஹொக்கி தெரியாமல் ரொறன்ரோவில் சமாளிக்கலாமா என்று கேட்ட தம்பிக்கு

தம்பி, வந்து கொஞ்ச நாள்தான் ஆகிறது, வேலைத்தலத்தில் சாப்பாட்டு நேரம் முழுக்க எல்லோரும் ஐஸ் ஹொக்கிதான் கதைக்கிறார்கள், ஒன்றும் விளங்காமல் இருக்கிறேன், வாடகைக்கு வீடு, லைசென்ஸ், குளிர் உடுப்பு எல்லாம் எப்படி என்றும் கேட்டிருந்தீர்கள். வீட்டுக்கும் லைசென்ஸுக்கும் வழி சொல்ல ஆயிரம் பேர் இருக்கிறார்கள். குளிர் சப்பாத்தில் மட்டும் காசு மிச்சம் பிடிக்க வேண்டாம். நான் ஹொக்கிக்கு வருகிறேன்.

முதலில், தெரிந்த மாதிரி நடிக்க வேண்டாம். எங்கள் ஆட்கள் பலர் காலையில் ஸ்கோரைப் பார்த்து மனப்பாடம் பண்ணிக்கொண்டு போய் ஒப்புவிக்கிறார்கள், இரண்டாவது கேள்வியில் பிடிபட்டுவிடும். அதைவிட மோசம், மூலை மேசையில் தமிழ் ஆட்களோடு மட்டும் இருந்து கிரிக்கெட் கதைத்துவிட்டு, இந்த ஊர்க்காரர் எங்களைச் சேர்ப்பதில்லை என்று இருபது வருடமாகக் குறை சொல்வது. இதைக் கேட்டால் எனக்குக் கோபம் வரும்.

வயதான ஒருவரிடம் போய், சின்ன வயதில் சனிக்கிழமை இரவு ஹொக்கியை எங்கே இருந்து பார்த்தீர்கள் என்று கேளுங்கள். பிறகு நீங்கள் பேசவே தேவையில்லை. ஃபொஸ்டர் ஹியூவிட் என்ற வர்ணனையாளரின் பெயர் கட்டாயம் வரும். 1902இல் ரொறன்ரோவில் பிறந்தவர், தகப்பன் 'ஸ்டார்' பத்திரிகையின் விளையாட்டு ஆசிரியர். அந்தப் பத்திரிகையின் வானொலிக்காக 1923இல் மியூச்சுவல் வீதி அரங்கில் ஒரு கண்ணாடிக் கூண்டுக்குள் இருந்து தொலைபேசியில் ஆட்டத்தைச் சொல்லத் தொடங்கினார், மூச்சுக்காற்றில் கண்ணாடி மங்கி ஆட்டமே தெரியாதாம். 1931இல் மேப்பிள் லீஃப் கார்டன்ஸ் அரங்கு திறந்தபோது அவருக்கென்றே கூரையோடு ஒட்டி, பனித்தளத்திலிருந்து 56 அடி உயரத்தில் ஓர் இடம் கட்டினார்கள். அதைத்தான் கொண்டோலா என்பார்கள். கோல் விழும்போது இன்றைக்கும் சின்னப் பிள்ளைகள் கத்துகிற "ஹி ஷூட்ஸ், ஹி ஸ்கோர்ஸ்" அவருடையதுதான்.

தொலைக்காட்சி வந்தது 1952இல். அக்டோபர் 11 மொன்றியலிலிருந்து பிரெஞ்சில், நவம்பர் 1 ரொறன்ரோவிலிருந்து ஆங்கிலத்தில், ரொறன்ரோ அணியான மேப்பிள் லீஃப்ஸும் பொஸ்ரன் புரூயின்ஸும் ஆடினார்கள், சொன்னவர் ஹியூவிட். வீட்டிலேயே பார்க்கக் கிடைத்தால் டிக்கெட் வாங்க யார் வருவார்கள் என்ற பயம் குழுக்காரருக்கு, அதனால் ஆட்டம் ஒரு பங்கு போன பிறகுதான் படம் காட்டத் தொடங்குவார்கள்.

நான் 80களின் கடைசியில் வந்து ஸ்காபரோவில் ஒரு பேஸ்மென்டில் இருந்தேன். தொழிற்சாலையில் என்னோடு நின்றவர் வடக்கு ஒன்ராறியோவில் சுரங்க ஊரொன்றில் வளர்ந்த வயதான மனிதர். அவர்களின் தெருவில் ஒரு வீட்டில்தான் தொலைக்காட்சிப் பெட்டி, வாசலில் சப்பாத்துகள் குவிந்து கிடக்குமாம். கறுப்பு வெள்ளைச் சின்னத் திரையில் பந்துக்குப் பதிலாக அடிக்கிற அந்தக் கறுப்பு வட்டு கண்ணுக்கே பிடிபடாது, ஹியூவிட்டின் குரல் எங்கே என்கிறதோ அங்கே பார்ப்போம் என்றார். எனக்கும் அப்படித்தான் நடந்தது. இலங்கைக்குத் தொலைக்காட்சி வந்ததே 1979இல், நாங்கள் வானொலியில் காதால் ஆட்டம் பார்த்து வளர்ந்தவர்கள், ஆகவே முந்தைய வாடகைக்காரர் விட்டுப்போன பெட்டியில் சனிக்கிழமை இரவுகளில் வர்ணனையாளர் பொப் கோலின் குரலைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அவர் நியூஃபவுண்ட்லாந்துக்காரர், இளம் வயதில் தன் குரலைப் பதிந்த நாடாவோடு ரொறன்ரோவுக்கு வந்து ஹியூவிட்டிடம் கொடுத்துக் கருத்துக் கேட்டவர். எனக்கு ஆங்கிலம் ஓடத் தொடங்கியது அவரால்தான், பள்ளிக்கூட ஆங்கில வகுப்பால் அல்ல. பிற்பாடு என் பிள்ளைகளுக்கு ஆட்ட விதி சொல்லிக்கொடுத்தவன் நான், அவர்கள் எனக்கல்ல.

1972 செப்டம்பர் 28ஐயும் தெரிந்துவைத்துக்கொள்ளுங்கள். மொஸ்கோவில் சோவியத் அணியோடு கனடா ஆடிய தொடரின் எட்டாவது, கடைசி ஆட்டம், முடிய 34 செக்கன் இருக்கும்போது கனடாவின் போல் ஹென்டர்சன் கோல் அடித்து 6-5 ஆக்கினார். அதைச் சொன்னதும் ஹியூவிட்தான், வயது 69. அந்த நேரம் பள்ளிக்கூடத்தில் இருந்தவர்கள் வகுப்புக்குள் பெட்டியைக் கொண்டுவந்து வைத்ததை இன்றைக்கும் சொல்வார்கள். ஹியூவிட் 1985இல் காலமானார், எனக்கு அவரை நேரடி ஒலிபரப்பில் கேட்கக் கிடைக்கவில்லை.

பஞ்சாபியரைப் பாருங்கள், 2008இல் அவர்களுக்கு ஹொக்கி வர்ணனை அவர்கள் மொழியிலேயே தொடங்கியது. இவ்வளவு சனம் இருந்தும் எனக்குத் தெரிய நாங்கள் அப்படி ஒன்றுக்கு முயலவே இல்லை என்பது எனக்குப் பெரிய மனக்குறை.

முதல் வருடம் டிக்கெட் வாங்க வேண்டாம், விலை உங்களுக்குக் கட்டாது. சனிக்கிழமை இரவு வீட்டில் இருந்து பாருங்கள். வட்டைப் பார்க்காமல் ஆட்களைப் பாருங்கள், ஓஃப்சைட் விதி விளங்காவிட்டால் என்னைக் கேளுங்கள்.