ஐடா லுபினோ கதையும் எழுதினாங்களா?

கேள்வி: பழைய ஹாலிவுட் படங்கள்ல ஐடா லுபினோவை நடிகையாத்தான் பார்த்திருக்கேன். அவங்க திரைக்கதையும் எழுதியிருக்காங்கன்னு என் பொண்ணு சொல்றா, நிஜமா?
– ஒரு வாசகி, திருச்சி

பதில்: நிஜம்தாங்க, உங்க பொண்ணு சரியாத்தான் சொல்லியிருக்கா. 1918ல லண்டன்ல, பரம்பரையா மேடைக் கலைஞர்களா இருந்த குடும்பத்துல பிறந்தவங்க. 1941ல வந்த 'ஹை சியரா' டைட்டில்ல ஹீரோ ஹம்ஃப்ரி போகார்ட் பேருக்கு முன்னாடி இவங்க பேருதான் வரும், அவ்வளவு மார்க்கெட்! ஆனாலும் பிடிக்காத ரோலை வேணாம்னு சொன்னா வார்னர் பிரதர்ஸ் ஸ்டுடியோ சஸ்பெண்ட் பண்ணிடும், சம்பளமும் கட், அந்தக் காலத்து கான்ட்ராக்ட் அப்படி. அந்த நாள்ல இவங்க வீட்ல முடங்கிடாம செட்டுக்குப் போய் கேமரா எங்க வைக்கிறாங்க, சீனை எப்படி வெட்டி ஒட்டுறாங்கன்னு பார்த்துப் பார்த்தே தொழிலைக் கத்துக்கிட்டாங்க.

அப்புறம் கணவர் காலியர் யங்கோட சேர்ந்து சொந்தப் படக் கம்பெனி. 1949ல 'நாட் வாண்டட்', கல்யாணமாகாம தாயாகிற பொண்ணோட கதை, திரைக்கதையில இவங்க பேரும் இருக்கு. டைரக்டர் எல்மர் கிளிஃப்டனுக்கு ஹார்ட் அட்டாக் வந்துடுச்சு, படத்தை இவங்கதான் எடுத்து முடிச்சாங்க, ஆனா டைட்டில்ல டைரக்டர்னு அவர் பேரையே போட்டாங்க. அடுத்து 'நெவர் ஃபியர்', போலியோ வந்த டான்ஸரோட கதை. இவங்களே 1934ல போலியோ வந்து தேறினவங்க, அந்த வலி தெரிஞ்சு எழுதினது. 1950ல 'அவுட்ரேஜ்', பாலியல் வன்முறைக்கு ஆளான பொண்ணு அதுக்கப்புறம் ஊர் பார்வையைத் தாங்க முடியாம தவிக்கிறது. சென்சார் கெடுபிடியில அந்தக் குற்றத்தோட பேரைக்கூட வாய்விட்டுச் சொல்ல முடியாத காலத்துல இதை எழுத எவ்வளவு துணிச்சல் வேணும்! இன்னிக்கு எல்லாரும் டைரக்டர்னு கொண்டாடுறாங்க, சந்தோஷம்தான், ஆனா அந்த எழுத்தைப் பத்தி யாரும் பெருசா பேசறதில்லையேன்னு எனக்கு ஆதங்கம்.

கேள்வி: அவங்க எழுதினதுல ஒரே ஒரு படம் பார்க்கணும்னா எதைப் பார்க்கலாம்?
– கல்லூரி மாணவர், மதுரை

பதில்: 1953ல வந்த 'தி ஹிட்ச்-ஹைக்கர்', கண்ணை மூடிட்டுச் சொல்வேன். இவங்களும் யங்கும் சேர்ந்து எழுதினது, படம் வெளிவர்றதுக்குள்ள ரெண்டு பேருக்கும் விவாகரத்தே ஆயிடுச்சு, ஆனா வேலை நிக்கல. மீன் பிடிக்கப் போற ரெண்டு நண்பர்கள் வழியில ஒருத்தனுக்கு லிஃப்ட் குடுப்பாங்க, அவன் கொலைகாரன். அவனோட ஒரு கண்ணு முழுசா மூடாது. ராத்திரி துப்பாக்கியோட படுத்திருக்கான், அவன் தூங்குறானா முழிச்சிருக்கானான்னு அந்த நண்பர்களுக்குத் தெரியாது, தப்பிச்சு ஓடலாமா வேணாமான்னு நமக்கே கை நடுங்கும். பில்லி குக்னு ஒரு நிஜக் கொலைகாரனை வச்சு எழுதின கதை. ஓடுற நேரம் 71 நிமிஷம்தான், இன்னிக்கு ராத்திரியே பார்த்துடுங்க.