கார்த்திகையும் தற்செயலும்

வணக்கம் சார்,

ஓரியன் நட்சத்திர மண்டலம் பற்றிய உங்கள் கட்டுரையைப் படித்ததிலிருந்து தினமும் இரவில் வானம் பார்க்கிறேன். நட்சத்திரக் கொத்துகளைப் பார்க்க பைனாகுலர் வாங்கலாமா, டெலஸ்கோப் வாங்கலாமா? இவற்றையெல்லாம் கண்டுபிடித்தவர் மெஸ்ஸியேதானா? என்னைப் போன்றவர்கள் இன்று புதிதாக ஒன்றைக் கண்டுபிடிக்க வாய்ப்புண்டா? இன்னொன்று. ஓரியனின் வேட்டைக்கார உருவம் நம் மனம் இழுத்த கோடு என்று எழுதியிருந்தீர்கள். அப்படியென்றால் கார்த்திகையும் அதுதானே? விஞ்ஞானிகளும் பக்கத்தில் பக்கத்தில் தெரிகிற புள்ளிகளைச் சேர்த்து ‘கொத்து’ என்று பெயர் வைத்துவிட்டார்கள், அவ்வளவுதானே?

ர.

அன்புள்ள ர.,

பைனாகுலர் வாங்குங்கள். 10x50 (பத்து மடங்கு பெரிதாக்கும், முன்கண்ணாடி 50 மி.மீ.) போதும். கார்த்திகை கிட்டத்தட்ட இரண்டு டிகிரி அகலம், பெரும்பாலான டெலஸ்கோப்புகளில் முழுசாக அடங்காது. பதினெட்டாம் நூற்றாண்டுப் பிரெஞ்சு வானியலாளர் மெஸ்ஸியே எல்லாவற்றையும் கண்டுபிடிக்கவில்லை. அவர் தேடியது வால்நட்சத்திரங்களை. அவருடைய பட்டியலில் இருக்கும் எம்13 என்ற கொத்தை 1714-ல் ஹாலி பார்த்துவிட்டார், எம்22 என்ற கொத்து அதற்கும் முன்பே 1665-ல் இஹ்லேயின் கண்ணில் பட்டது. சரி, இதெல்லாம் தேடினால் ஒரு நிமிடத்தில் கிடைக்கும், இதற்கெல்லாம் எனக்கு எழுத வேண்டாம்.

நான் பதில் எழுத உட்கார்ந்தது உங்கள் கடைசி வரிகளுக்காக. அந்த ‘அவ்வளவுதானே’ இருக்கிறதே, அது எனக்குக் கோபமூட்டுகிறது. கேள்வி நல்ல கேள்வி, கேட்ட தொனிதான் சோம்பேறித்தனம். ஒரு இடத்தில் கேட்ட சந்தேகத்தை அப்படியே எல்லா இடத்திலும் ஒட்டிவிட்டால் சிந்தித்துவிட்டதாக ஒரு திருப்தி வந்துவிடுகிறது. ஓரியனின் நட்சத்திரங்களில் பெல்லாட்ரிக்ஸ் சுமார் 250 ஒளியாண்டு தூரத்தில், ரிகெல் 800-ஐத் தாண்டி. அதைச் சொன்னேன். அளந்து பார்த்துத்தான் சொன்னார்கள், நானும் அதைப் படித்துத்தான் எழுதினேன். கார்த்திகையில் நீங்கள் எதை அளந்தீர்கள்?

இதே கேள்வியை ஒருவர் 1767-லேயே கேட்டுவிட்டார், ஒழுங்காகக் கேட்டார். ஜான் மிட்செல், இங்கிலாந்துப் பாதிரியார். (ஒளியே தப்ப முடியாத அளவுக்கு ஈர்ப்புள்ள நட்சத்திரம் இருக்கலாம் என்று 1783-ல் எழுதியவரும் இவர்தான். அதைப் பேச ஆரம்பித்தால் நிற்காது, விடுங்கள்.) 1610-ல் கலிலியோ தன் டெலஸ்கோப்பில் கார்த்திகையைப் பார்த்து 36 நட்சத்திரங்களை வரைந்திருந்தார். நிறைய இருக்கின்றன என்பதுதான் அதிலிருந்து தெரியும், அவை ஒன்றுக்கொன்று சொந்தமா என்று தெரியாது. மிட்செல் பார்த்தது கணக்கை. கார்த்திகையின் ஆறு நட்சத்திரங்கள் அளவுக்குப் பிரகாசமானவை வானம் முழுக்க சுமார் 1500 என்று வைத்துக்கொண்டார். முழு வானம் ஏறக்குறைய 41,000 சதுர டிகிரி. சமமாகப் பங்கிட்டால் ஒரு நட்சத்திரத்துக்கு 27 சதுர டிகிரி, அதாவது ஐந்துக்கு ஐந்து டிகிரி வீடு. ஆனால் கார்த்திகையில் ஆறு பேர் ஒரு டிகிரி சொச்சத்துக்குள், ஏறக்குறைய இரண்டு முழுநிலாக்களின் அகலத்துக்குள் நெருக்கியடித்து உட்கார்ந்திருக்கிறார்கள். கண்ணை மூடிக்கொண்டு 1500-ஐயும் வாரி இறைத்தால் இப்படி விழுமா? விழாது என்பதற்கு ஐந்து லட்சத்துக்கு ஒன்று என்கிற அளவில் பந்தயம் கட்டலாம் என்று கணக்கிட்டார். ஏதோ ஒன்று இவற்றைச் சேர்த்து வைத்திருக்கிறது, அது ஈர்ப்பாக இருக்கலாம் என்றார். தூரம் அளக்க வழியில்லாத காலம் அது! நட்சத்திரத்துக்கு முதல் தூரம் கிடைத்தது 1838-ல்தான்.

கல்லூரியில் எங்கள் இயற்பியல் ஆசிரியர் ஒருநாள் பழைய போன் டைரக்டரியின் தாள்களைக் கிழித்து ஆளுக்கொன்றாகக் கொடுத்தார். எண்களின் கடைசி நான்கு இலக்கங்களில் முதல் இரண்டை அகலமாகவும் அடுத்த இரண்டை உயரமாகவும் வைத்து வரைபடத்தாளில் புள்ளி வைக்கச் சொன்னார். முடித்ததும் எல்லோர் தாளிலும் கொத்துகள்! ஒரு மூலையில் நான்கு புள்ளி ஒட்டிக்கொண்டிருக்கும், இன்னொரு இடம் காலியாகக் கிடக்கும். தற்செயல் என்றால் சீராகப் பரவியிருக்கும் என்று நினைத்துக்கொண்டிருந்த எங்களுக்கு அது பெரிய அதிர்ச்சி. நான் என் தாளில் ஒரு ‘சப்தரிஷி மண்டலம்’ கண்டுபிடித்து அதற்கு வட்டம் போட்டு, பெருமையாகக் காட்டினேன். “முதலில் புள்ளி வைத்தாயா, முதலில் வட்டம் போட்டாயா?” என்று கேட்டார்.

மிட்செலை மறுத்தவர்கள் கேட்டதும் இதையேதான். ஜேம்ஸ் ஃபோர்ப்ஸ் என்ற இயற்பியலாளர் 1850-ல் அந்தக் கணக்கு வாதத்தைக் கடுமையாகத் தாக்கினார். கண்ணில் பட்ட விசித்திரத்தை முதலில் தேர்ந்தெடுத்துவிட்டு, அப்புறம் அது எவ்வளவு அரிது என்று கணக்குப் போடலாமா? நியாயமான அடி. உங்கள் சந்தேகத்தின் நல்ல வடிவமும் இதுதான். இதற்குப் பதில் என்ன தெரியுமா? தேர்ந்தெடுக்கும்போது நாம் பார்க்காத ஒன்றைப் போய் அளப்பது. கார்த்திகையை நாம் பொறுக்கியெடுத்தது இடத்தைப் பார்த்து. அவை எந்தப் பக்கம், என்ன வேகத்தில் நகர்கின்றன என்பது வெறும் கண்ணுக்குத் தெரியாது, ஆகவே அதை வைத்துப் பொறுக்கியிருக்க முடியாது. அந்த நகர்வும் ஒத்துப்போனால்? ஒத்துப்போகிறது. அப்புறம் தூரம். அதுவும் ஒத்துப்போகிறது, சுமார் 440 ஒளியாண்டு. அந்த நகர்வை வைத்துத் தேடினால் ஆயிரத்துக்கும் மேற்பட்ட உறுப்பினர்கள் சிக்குகிறார்கள்.

இதே சோதனையில் தோற்றவர்களும் உண்டு, அங்கேதான் உங்களுக்குப் பாதி மதிப்பெண். ரிஷபத்தின் முகத்தில் ‘வி’ வடிவத்தில் தெரியும் ஹையடீஸ் கொத்தைப் பாருங்கள். 1908-ல் லூயிஸ் பாஸ் என்ற அமெரிக்க வானியலாளர் அதன் நட்சத்திரங்கள் வானத்தில் ஒரே புள்ளியை நோக்கி நகர்வதை, அதாவது சேர்ந்தே பயணிப்பதைக் காட்டினார். ஆனால் அந்த ‘வி’யிலேயே மிகப் பிரகாசமான ரோகிணி அதில் சேர்த்தியில்லை. கொத்து 150 ஒளியாண்டில், ரோகிணி 65-ல், வழியில் நிற்கிற ஆள். குள்ளநரி மண்டலத்தில் சட்டை மாட்டும் ஹேங்கர் போலவே ஒரு கூட்டம் இருக்கிறது. 964-ல் பாரசீக வானியலாளர் அல்-சூஃபி எழுதிய நூலிலேயே குறித்திருக்கிறார், இருபதாம் நூற்றாண்டில் கொத்துப் பட்டியலிலும் ஏறிவிட்டது. ஹிப்பார்கஸ் செயற்கைக்கோள் அளந்து பார்த்தால் ஒவ்வொன்றும் வெவ்வேறு தூரத்தில், வெவ்வேறு திசையில். பட்டியலை நம்பாதீர்கள் என்று நீங்கள் எழுதியிருந்தால் உங்களைத் தோளில் தட்டியிருப்பேன். ‘எல்லாமே மனம்தானே’ என்கிறவருக்கு ஹேங்கரும் ஒன்று, கார்த்திகையும் ஒன்று. இரண்டையும் பிரித்துப் பார்க்க உழைத்தவர்களுக்கு அது எவ்வளவு பெரிய அவமரியாதை!

கோளக் கொத்துகளைப் பற்றியும் கேட்பீர்கள். லட்சக்கணக்கான நட்சத்திரங்கள் ஒரே உருண்டையாகக் கிடக்கும்போது இந்தச் சந்தேகத்துக்கே வேலையில்லை.

புதிதாகக் கண்டுபிடிக்க முடியுமா என்றால், முடியும், கண்ணால் மட்டும் முடியாது. 2013-ல் ஏவிய கையா விண்கலம் நூறு கோடிக்கும் மேற்பட்ட நட்சத்திரங்களின் இடம், தூரம், நகர்வை அளந்திருக்கிறது. அந்த எண்களில் ஒரே திசையில் ஓடும் கூட்டங்களைத் தேடித்தான் இப்போது நூற்றுக்கணக்கான புதிய கொத்துகள் கிடைக்கின்றன. பழைய பட்டியலிலிருந்து பலவற்றை நீக்கவும் செய்கிறார்கள். தரவு முழுக்க இணையத்தில் இலவசம். பைத்தான் என்ற கணினி மொழி கொஞ்சம் தெரிந்தால் கார்த்திகையைச் சுற்றியுள்ள நட்சத்திரங்களை இறக்கி, ஆண்டுக்குக் கிழக்கே சுமார் 20, தெற்கே சுமார் 45 மில்லி ஆர்க்செகண்ட் (ஒரு டிகிரியில் 36 லட்சத்தில் ஒரு பங்கு) நகர்பவற்றை மட்டும் வடிகட்டுங்கள். முதல் தடவை குப்பையும் நிறைய வரும், தூரத்தையும் சேர்த்து வடிகட்டினால் சரியாகிவிடும். எங்காவது மாட்டிக்கொண்டால் கேள்வியை மட்டும் எழுதுங்கள், ‘அவ்வளவுதானே’ வேண்டாம்.